மலையில் விரையும் மணிக்கூடு

குகையொன்றில் ஒரு நாழிகை தங்கியவன் வெளியே நூறாண்டு கழிந்திருக்கக் கண்டான் என்பது கட்டுக்கதை. ஆயினும், நேயர்களே, காலம் எங்கும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. ஈர்ப்பின் காரணமாக, பூமியின் மையத்தை நெருங்க நெருங்க அது மெதுவாகும். உயர உயர விரையும். ஐன்ஸ்டைன் கூறிய இவ்வுண்மையை, 2010ஆம் ஆண்டில் அமெரிக்க விஞ்ஞானிகள் ஓரடி உயர வேற்றுமையிலேயே அணு மணிக்கூடுகளால் அளந்து காட்டினர்.

பொகவந்தலாவை கடல் மட்டத்திலிருந்து 1,000 மீட்டருக்கும் மேலே உள்ளது. அங்கே 60 ஆண்டு வாழ்ந்தவர், கொழும்புக் கடற்கரையில் அவ்வளவு காலம் வாழ்ந்தவரைவிட, விநாடியின் ஐயாயிரத்தில் ஒரு பங்குக்குச் சற்று அதிகமாக மூப்படைந்திருப்பார். கொழுந்துக் கூடை தரும் மூப்பு வேறு கணக்கு. மேட்டிலுள்ள துரை பங்களாவின் மணிக்கூடும் பள்ளத்து லயத்து மணிக்கூட்டை முந்தியே ஓடும். காலைப் பெரட்டுக்குப் பிந்தியவர் இதை எடுத்துரைத்தால் கணக்கப்பிள்ளை ஏற்பாரோ?