ஊர் வாயும் வீட்டுச் செலவும்

இனி இன்னொருவரை நினைக்கமாட்டேன் என்று கடிதம் எழுதி, இறந்த கணவனின் அஸ்தியோடு வைத்தவள் கெய்கோ. டோக்கியோவின் கின்சாவில் மாடி மதுச்சாலை ஒன்றைக் கவனிப்பது தொழில். வயது முப்பது. ஒன்றில் மறுமணம், இல்லாவிட்டால் சொந்தக் கடை என்ற நெருக்கடி. விலைகூடிய கிமோனோ தொழிலுக்கு வேண்டும். தாயின் கண்ணுக்கோ அது ஊதாரித்தனம். அதே வீடுதான் சகோதரனின் வழக்குச் செலவுக்கும் அவன் மகனின் சத்திரசிகிச்சைக்கும் அவளிடம் கை நீட்டுகிறது. மிக்கியோ நருசே 1960இல் எடுத்த ‘ஒரு பெண் படியேறும்போது’ இதையெல்லாம் குரல் உயர்த்தாமல் சொல்கிறது. அவளை விட்டுவிட்டு ஓசாக்காவுக்கு மாற்றலாகிப் போகும் வங்கிக்காரன் கொடுத்த பங்குப் பத்திரங்களை, ரயில் நிலையத்தில் அவன் மனைவியிடமே மரியாதையாகத் திருப்பிக் கொடுக்கிறாளே, அந்த இடத்தில் நடிகை ஹிதேகோ தக்காமினேயின் முகத்தைப் பார்க்க வேண்டும்!

வன்னியில் இருப்பவர்களுக்கு இது தெரிந்த கதைதான். விடிய முன்னமே ஏ9 வீதியில் ஆடைத் தொழிற்சாலை பஸ்ஸுக்கு நிற்பவளின் சம்பளத்தில் தம்பியின் ரியூசன் காசும் போகும், கிழமைக் கட்டுக் கடனும் போகும். இருட்டிய பிறகு வந்து இறங்கினால், ஆரோடை வந்தவள் என்று விசாரணை. புனர்வாழ்வு முடித்து வந்த முன்னாள் போராளியென்றால் கலியாணப் பேச்சே நின்றுபோவதுண்டு.

கணவன் காணாமல் ஆக்கப்பட்டவளின் பாடு இன்னும் சிக்கல். மரணச் சான்றிதழுக்குப் பதிலாக, ஆள் காணக்கிடைக்கவில்லை என்று சான்றிதழ் பெற 2016ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தம் வழிசெய்தது. பொட்டு வைக்கலாமா, கலியாண வீட்டில் முன்னுக்கு நிற்கலாமா என்பதைக் கச்சேரி தீர்மானிப்பதில்லை; ஊர் தீர்மானிக்கிறது. 2017 பெப்ரவரி 20இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோவிலடியில், காணாமல் ஆக்கப்பட்டவர்கள் எங்கே என்று கேட்டுப் போராட்டம் தொடங்கி உட்கார்ந்த பெண்கள், அந்த ஊரையும் தாண்டித்தான் வந்தார்கள்.

தமிழ் சினிமா இந்த வன்னிப் பெண்களை எப்படிப் பார்த்தது? 2002 பெப்ரவரியில், போர்நிறுத்த ஒப்பந்தம் கைச்சாத்தான அதே மாதத்தில், மணிரத்னத்தின் ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ வெளிவந்தது. அதில் மாங்குளத்துச் சியாமாவாக நந்திதா தாஸ். நல்ல நடிப்பு, சந்தேகமில்லை. ஆனாலும் படம் அவளை விசாரிப்பது பிள்ளையை ஏன் விட்டுப்போனாய் என்ற ஒரே கேள்வியில். அவள் என்ன நினைத்துப் போராடப் போனாள் என்று கேட்க அங்கே ஆளில்லை.

கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் குறும்படம் எடுக்கும் பிள்ளைகளுக்கு ஒன்று: அழுகிற தாயை எடுத்தது போதும். நருசேயின் படத்தை ஒருதரம் பாருங்கள். பிறகு உங்கள் அக்காவின் கணக்குக் கொப்பியை வாங்கிப் பாருங்கள். கதை அதில் இருக்கிறது.