நேற்றைய பாணும் நம் ஊர்க் கறுவாவும்

ஞாயிற்றுக்கிழமைக் காலையில் நம் அடுக்களைகளில் எஞ்சிக் கிடக்கும் பொருள் யாதென்று கேட்டால், இல்லத்தரசிகளிற் பலர் முதல்நாள் வாங்கிய பாணின் பாதியைத்தான் சுட்டிக்காட்டுவர். மாலையில் பேக்கரியிலிருந்து சூடாக வந்தபோது அதன் முனைத்துண்டுக்காகப் போட்டியிட்ட பிள்ளைகள், பொழுது விடிந்ததும் அதைத் திரும்பியும் பாரார். சம்பலோடு கொடுத்தாலும் முகஞ் சுளிப்பர். அந்தப் பாதிப் பாணை முட்டை, பால், கறுவாத்தூள் ஆகியவற்றின் துணைகொண்டு மீண்டும் மேசைக்கு அழைத்து வரும் வழியொன்றை இன்று காண்போம். நம்மவர் இதனைப் 'பம்பாய் டோஸ்ட்' என்பர். ஆங்கிலேயர் 'பிரெஞ்சு டோஸ்ட்' என்பர். பிரெஞ்சுக்காரரோ தம் நாட்டின் பெயரை அதற்குச் சூட்டாமல், 'இழந்த பாண்' எனப் பொருள்படும் 'பான் பெர்டூ' என்றே வழங்குகின்றனர். பெயர்களுள் பொருத்தமானது அவர்களுடையதே என்பது எம் கருத்து. கைவிட்டுப் போனதென்று எண்ணிய பாண் அன்றோ மீண்டு வருகிறது!

இது நேற்றுத் தோன்றிய பண்டமன்று. பண்டை ரோமாபுரியின் சமையல் முறைகளைத் தொகுத்துக் கூறும் 'அபிசியஸ்' என்னும் நூலிலேயே, வெள்ளைப் பாணைப் பாலில் தோய்த்துப் பொரித்துத் தேன் ஊற்றி உண்ணும் முறையொன்று காணப்படுகிறது. ஸ்பானியர் தவக்காலத்திலும், போர்த்துக்கேயர் நத்தார்ப் பண்டிகையிலும் இதனைச் செய்வர். போர்த்துக்கேயர் 'ரபனாடா' என்று அழைக்கும் அந்தப் பண்டத்தின்மேல் சீனியும் கறுவாத்தூளும் தாராளமாகத் தூவப்படும்.

இங்கே நாம் சற்று நின்று எண்ணிப் பார்க்கலாம். நாம் நாள்தோறும் சொல்லும் 'பாண்' என்ற சொல் போர்த்துக்கேய மொழியிலிருந்து நமக்கு வந்தது. 1505 இல் இத்தீவை அடைந்த போர்த்துக்கேயரை இங்கே நீண்டகாலம் பிடித்து நிறுத்திய பொருள்களுள் தலையாயது கறுவா. 1658 இல் அவர்களை முற்றாக வெளியேற்றிய ஒல்லாந்தரும் அதே கறுவாவையே நாடினர். 1766 இல் கண்டி அரசனோடு செய்த உடன்படிக்கையிலும், கண்டி இராச்சியத்துக் காடுகளில் கறுவா உரிக்கும் உரிமையை அவர்கள் எழுதி வாங்கிக்கொண்டனர். மாத்தளை அக்காலத்தில் அந்த இராச்சியத்தின் ஒரு பகுதி. அவர்கள் பாண் என்ற சொல்லை விட்டுச் சென்றனர். கறுவாவை ஏற்றிச் சென்றனர். இரண்டையும் ஒரு தட்டில் சேர்த்து உண்ணும் வழக்கம் அவர்கள் நாட்டில் வேரூன்றியது. கறுவா விளையும் நம் மண்ணிலோ அது கறிச்சட்டியோடும் பிரியாணிப் பானையோடும் பெரும்பாலும் நின்றுவிட்டது.

கண்டியிலிருந்து தம்புள்ளை செல்லும் நெடுஞ்சாலையில் மாத்தளையைக் கடப்போர், சாலையோரத்தில் வாசனைத் திரவியத் தோட்டங்களின் பெயர்ப்பலகைகளை வரிசையாகக் காண்பர். உல்லாசப் பயணிகள் அங்கே இறங்கி மிளகுக் கொடியையும் சாதிக்காய் மரத்தையும் கொக்கோ காய்களையும் கண்டு வியப்பர். காலி, மாத்தறை மாவட்டங்களைப் போல் இங்கே கறுவா முதற்பயிர் அன்று. ஆயினும் உக்குவளை, இரத்தோட்டைப் பக்கத்து வீட்டுத் தோட்டங்களில், மிளகு, கராம்பு ஆகியவற்றின் நடுவே ஓரிரு கறுவாச் செடிகள் நிற்பதைக் காணலாம். விந்தை என்னவெனில், கொல்லையில் செடி நிற்க, கடையில் தூள்பொட்டலம் வாங்கும் வீடுகளும் உண்டு. அந்தப் பொட்டலத்தில் இருப்பது உண்மையான கறுவாதானா என்பதைக் கேட்பாரும் சிலரே.

கேட்கத்தான் வேண்டும். உலகச் சந்தையில் கறுவா என்ற பெயரில் இரண்டு பொருள்கள் நடமாடுகின்றன. ஒன்று நம் நாட்டுக் கறுவா. தாவரவியலார் 'சின்னமோமம் வேரம்' என்பர். மற்றையது சீனம், இந்தோனேசியா, வியட்நாம் முதலிய நாடுகளில் விளையும் 'கசியா' என்னும் இனத்தைச் சேர்ந்தது. குச்சியாக இருக்கும்போது இவற்றை வேறுபடுத்துவது எளிது. நம்முடையது மெல்லிய தாள்களைச் சுருட்டினாற்போல் பல மடிப்புகள் கொண்டது, வெளிர் பழுப்பு நிறமானது, விரல்களால் நொறுக்கலாம். கசியாவோ தடித்த ஒற்றைப் பட்டை, செம்பழுப்பு நிறம், கையால் உடையாது. தூளாகிவிட்டால் கண் ஏமாந்துவிடும். நம் கறுவாவின் பெயரைக் காக்கும் பொருட்டு, ஐரோப்பிய ஒன்றியம் 2022 பெப்ரவரியில் 'சிலோன் சினமன்' என்ற பெயருக்குப் புவிசார் குறியீட்டுப் பாதுகாப்பு அளித்தது. இலங்கைப் பொருளொன்று அங்கே அத்தகைய பாதுகாப்பைப் பெற்றது அதுவே முதன்முறை.

இது வெறும் பெயர்ப் பெருமை அன்று. பிள்ளைகளின் உடல்நலமும் இதில் அடங்கியுள்ளது. கசியாவில் 'கூமரின்' என்னும் இயற்கைப் பொருள் மிகுதியாக உண்டு. அளவு மீறித் தொடர்ந்து உட்கொண்டால் சிலருக்கு அது கல்லீரலைப் பாதிக்கக்கூடும். நம் கறுவாவில் அது மிகச் சிறிதே. ஜெர்மனியில் 2006 இல், நத்தார்க் கால பிஸ்கற்றுகளில் சேர்த்த கசியாத்தூள் பற்றி அதிகாரிகள் பெற்றோரை எச்சரிக்கும்படி ஆயிற்று. மாணவர்கள் ஒரு சிறு கணக்குச் செய்து பார்க்கலாம். உடல் எடையின் ஒவ்வொரு கிலோவுக்கும் நாளொன்றுக்கு 0.1 மில்லிகிராம் கூமரின் வரை வாழ்நாள் முழுதும் உட்கொள்ளலாம் என்பது ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு அமைப்பின் வரையறை. 20 கிலோ எடையுள்ள குழந்தைக்கு அது 2 மில்லிகிராம். கசியாத்தூளின் ஒரு கிலோவில் சராசரி 3 கிராம் கூமரின் எனக் கொண்டால், 2.5 கிராம் எடையுள்ள ஒரு தேக்கரண்டித் தூளில் 7.5 மில்லிகிராம் இருக்கும். நான்கு பிள்ளைகள் பகிர்ந்து உண்டாலும் ஒவ்வொருவரும் எல்லையை ஏறக்குறைய நெருங்கிவிடுகின்றனர். ஒரு நாள் உண்பதால் கேடில்லை. நாள்தோறும் கஞ்சியிலும் தேநீரிலும் தூவுவோர்தாம் கவனிக்க வேண்டும்.

வீட்டில் செடி உள்ளவர்கள் தங்களுக்கு வேண்டிய சிறு அளவைத் தாமே உரித்துக்கொள்ளலாம். கறுவாவின் இளந்தளிர் செந்நிறமாகத் தோன்றும். மழை பெய்து, தளிர் செம்மை மாறிப் பச்சையாகும் பருவத்தில்தான் பட்டை எளிதில் கழலும். ஏறக்குறைய இரண்டு ஆண்டு வளர்ந்த, பெருவிரல் தடிப்புள்ள கிளையொன்றைக் காலையில் வெட்டி அன்றே உரித்துவிட வேண்டும். உலரவிட்டால் பட்டை தண்டோடு ஒட்டிக்கொள்ளும். முதலில் மேற்தோலைக் கத்தியால் சுரண்டி நீக்குக. அடுத்து, உருண்டையான பித்தளைக் கோலால் தண்டை அழுத்தித் தேய்க்க வேண்டும். தொழில் தெரிந்தவர்கள் இதில் காட்டும் பொறுமை வியப்பிற்குரியது. தேய்ப்பதால்தான் உட்பட்டை தண்டை விட்டு நெகிழ்கிறது. பின்னர் ஒரு சாண் இடைவெளியில் இரண்டு வளையக் கீறல்களும், நெடுக இரண்டு கீறல்களும் இட்டு, கத்திமுனையை உள்ளே செலுத்தினால் பட்டை முழுதாகக் கையில் வரும். சிறு துண்டுகளைப் பெரியவற்றின் உள்ளே அடுக்கி நிழலில் உலர்த்தினால், சில நாள்களில் அது தானே சுருண்டு குழலாகும். வெயிலில் இட வேண்டாம். குழலின் விட்டம் 6 மில்லிமீற்றருக்கு மேற்படாத, மிக நேர்த்தியானவற்றை வணிகர் 'அல்பா' எனத் தரம் பிரிப்பர். நம் முதல் முயற்சி அந்தப் பட்டத்தைப் பெறாது, ஆனால் மணத்தில் குறைவிராது. கழித்த இலைகளை எறியுமுன் பிள்ளைகளைக் கசக்கி முகரச் சொல்லுங்கள். கறுவா மணமன்று, கராம்பு மணம் வீசும். இலை எண்ணெயிலும் கராம்பு எண்ணெயிலும் 'யூஜினோல்' என்ற ஒரே பொருள் மிகுந்திருப்பதே காரணம்.

இனிச் செய்முறைக்கு வருவோம். நால்வருக்கு எட்டுத் துண்டு பாண் போதும். துண்டுகள் அரை அங்குலத்துக்குக் குறையாத தடிப்பில் இருக்கட்டும். பழைய பாணே இதற்கு உகந்தது. புதிய பாண் பாலைக் குடித்த கணத்தில் குழைந்து கையோடு வரும். பாண் இறுகுவது நீர் வற்றுவதனால் மட்டுமன்று. அதிலுள்ள மாப்பொருள் மீண்டும் பளிங்குபோல் ஒழுங்குபட்டு உறைவதே முக்கிய காரணம். குளிர்சாதனப் பெட்டியில் அது விரைந்து நிகழ்கிறது. சூடேறும்போது மாப்பொருள் இளகுவதால்தான் நேற்றைய பாண் கல்லில் மென்மை பெறுகிறது. பூஞ்சணம் பிடித்த பாணுக்கு இந்த வைத்தியம் செல்லாது; அதை எறிவதே முறை.

ஒரு தேக்கரண்டிக் கறுவாத்தூளை ஒரு மேசைக்கரண்டிச் சீனியோடும் ஒரு சிட்டிகை உப்போடும் முதலில் கலந்துகொள்ளுங்கள். நேரே பாலில் இட்டால் தூள் கட்டிகட்டியாக மிதந்து, முதல் இரண்டு துண்டுகளிலேயே முழுதும் ஒட்டிக்கொள்ளும். இக்கலவையில் மூன்று முட்டைகளை உடைத்து ஊற்றி நன்கு அடித்து, ஒரு கோப்பைப் பாலைச் சிறிது சிறிதாகச் சேர்க்க வேண்டும். சீனியை இதற்கு மேல் கூட்டாதீர்கள். உள்ளே வேகுமுன் வெளியே கருகிவிடும். இனிப்பு வேண்டுவோர் பிறகு தூவிக்கொள்ளலாம். தோசைக்கல்லை நடுத்தரத் தீயில் வைத்து, சிறிது நெய்யோ பட்டரோ இட்டு, பாணை இரு பக்கமும் அரை நிமிடம் வரை தோய்த்து வழியவிட்டுக் கல்லில் இடுக. பக்கத்துக்கு மூன்று நிமிடம் போதும். நடுவில் விரலால் மெல்ல அழுத்தினால் மெத்தைபோல் எழும்ப வேண்டும். ஈரம் கசிந்தால் முட்டை இன்னும் வேகவில்லை. வெங்காயத் தோசை சுட்ட கல்லாயின் முன்னரே நன்கு கழுவிக்கொள்வது நலம். மணத்தில் கறுவா வெங்காயத்தோடு போட்டியிட விரும்பாது!

மேலே ஊற்றுவதற்குக் கடையில் விற்கும் பாகு வகைகளைத் தேட வேண்டியதில்லை. கித்துள் பாணி இருக்க வேறென்ன வேண்டும்? அதன் இலேசான புகைமணமும் கறுவாவும் ஒன்றுக்கொன்று இசைந்தவை.

2022 இல் நாட்டை உலுக்கிய பொருளாதார நெருக்கடியின்போது கோதுமை மாவின் விலை ஏறியதையும், பால்மாவுக்கு வரிசையில் நின்றதையும் நம் குடும்பங்கள் மறந்திருக்கமாட்டா. முட்டையும் பாலும் எட்டாத நாளிலும், விரத நாளிலும், மரக்கறி உண்போர் வீடுகளிலும் இதனைச் செய்ய வழியுண்டு. ஒரு கோப்பைக் கெட்டித் தேங்காய்ப்பாலில் இரண்டு மேசைக்கரண்டிக் கடலைமாவைக் கட்டியின்றிக் கரைத்து, அதே அளவு கறுவாவும் சீனியும் உப்பும் சேர்த்துக்கொள்ளுங்கள். பாணை இதில் நெடுநேரம் ஊறவிடலாகாது. தோய்த்ததும் எடுத்துவிட வேண்டும். முட்டைக் கலவையைவிட இது மெதுவாகவே சிவக்கும். தீயைக் குறைத்து, பச்சைமாவின் வாடை முற்றும் நீங்கும்வரை பக்கத்துக்கு ஐந்து நிமிடம் விட்டால் ஓரங்கள் மொறுமொறுப்பாகும். தேங்காய்ப்பாலின் எண்ணெய் தானே பிரிந்து வருவதால், கல்லில் இட வேண்டிய நெய்யும் பாதியாகக் குறையும்.