ஏ.கே. செட்டியாரின் காந்தி ஆவணப்படமும் பழம்படச் சுருள்களின் சான்றுமதிப்பும்

முன்னுரை

தமிழ்ப் பயண இலக்கிய முன்னோடியாக அறியப்படும் ஏ.கே. செட்டியார் (1911–1983), 1940இல் வெளிவந்த ‘மகாத்மா காந்தி’ ஆவணப்படத்தை உருவாக்கியவரும் ஆவார். அவரது அயலக வாழ்வு அப்படத்திற்கு அடித்தளமான வகையையும், பிறர் எடுத்த பழம்படச் சுருள்கள் அதில் பெறும் சான்றுமதிப்பையும் இக்கட்டுரை விளக்குகிறது.

அயலக வாழ்வும் பயிற்சியும்

கோட்டையூரில் பிறந்த செட்டியார் பர்மா சென்று, இரங்கூனில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக்கலை பயின்றார். வணிகத்தின் பொருட்டுக் கடல்கடந்த நகரத்தார் மரபில் வந்த அவர், எழுத்தையும் படத்தையும் நாடிக் கடல்கடந்தார். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் நோக்கிய கப்பற்பயணத்தில் காந்தி படம் பற்றிய எண்ணம் அவருக்கு உதித்தது.

தேடலும் தொகுப்பும்

தண்டி யாத்திரை (1930), இலண்டன் வட்டமேசை மாநாட்டுப் பயணம் (1931) முதலியன அப்போதே கடந்துபோன நிகழ்வுகள். அவற்றை நடித்துக் காட்டினால் அது ஆவணமாகாது. எனவே, பல நாட்டுப் படப்பிடிப்பாளர்கள் எடுத்திருந்த சுருள்களைத் தேடி அவர் உலகெங்கும் பயணம் செய்தார். ஏறத்தாழ 50,000 அடி நீளச் சுருளைத் திரட்டி, 12,000 அடிப் படமாகத் தொகுத்தார். 35 மி.மீ. பேசும்படச் சுருள் நிமிடத்திற்கு 90 அடி ஓடும். இக்கணக்கின்படி, ஒன்பது மணி நேரத்திற்கும் மேற்பட்ட காட்சிகள் ஏறத்தாழ இரண்டேகால் மணி நேரமாகச் சுருங்கின. திரட்டியதில் முக்கால் பங்கு விலக்கப்பட்டமையின், தேர்வே இங்குப் படைப்புச் செயலாகிறது.

சான்றின் எல்லைகள்

செய்திப்படத்தில் ஒருநாள் செய்தியாக இருந்த காட்சி, காலவரிசையில் அமைந்து தமிழ் விளக்கவுரையோடு இணையும்போது வாழ்க்கை வரலாற்றின் பகுதியாகிறது. காட்சி மாறவில்லை, அதன் பொருள் மாறுகிறது. ஆகவே காட்சி, அடுக்குமுறை, விளக்கவுரை ஆகிய மூன்றையும் ஆய்வாளர் பிரித்தறிதல் வேண்டும். மௌனப்படக் காலச் சுருள்கள் பெரும்பாலும் குறைந்த வேகத்தில் எடுக்கப்பட்டவை. பேசும்பட வேகத்தில் அவற்றை ஓட்டினால் நடை விரைவாகத் தோன்றும். காந்தி இயல்பிலேயே விரைந்து நடப்பவர்; எனினும் திரையில் தெரியும் விரைவை மட்டும் கொண்டு அதனை நிறுவ இயலாது. மேலும், படக்கருவி செல்லாத சிறைவாழ்வை இத்தகைய சுருள்கள் காட்டமாட்டா. அவ்விடைவெளியை விளக்கவுரையே நிரப்ப வேண்டும்.

முடிவுரை

சிதறிக் கிடந்த ஆவணங்களைத் தேடித் திரட்டிய படமே பின்னர்த் தேடப்படும் ஆவணமாயிற்று. தமிழ் வடிவத்தின் முழுப்படி கிட்டாத நிலையில், 1953இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவம் காட்சிகளை அறியத் துணைசெய்யும். தமிழ் விளக்கவுரைக்கு அது ஈடாகாது. படம் உருவான கதையைச் செட்டியாரே எழுதிய கட்டுரைகள் ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என நூலாகியுள்ளன. அந்நூலைப் பயண இலக்கியமாக மட்டுமன்றி, சுருள்களின் மூலத்தை உரைக்கும் சான்றாகவும் பயிலுதல் வேண்டும்.