அம்மிக் கல்லும் வெள்ளைச் சாலையும்

உங்கள் வீட்டு அம்மிக் கல் இப்போது எங்கே இருக்கிறது? கோபித்துக்கொள்ளாதீர்கள். மிக்ஸி வந்த நாளிலிருந்து அது கொல்லைப்புறத்தில் வெயில் காய்ந்துகொண்டிருக்கும். இல்லாவிட்டால், கல்யாண மண்டபத்தில் மணப்பெண் கால் வைப்பதற்கு மட்டும் வெளியே வரும். என் வீட்டிலும் இதே கதைதான். அந்த அம்மியை நான் மறுபடியும் நினைத்துக்கொண்டது எங்கே தெரியுமா? உலகத்தின் மறுபக்கத்தில், மெக்ஸிகோ தேசத்துக் கிராமம் ஒன்றின் சமையற்கட்டில்!

2023 ஜனவரியில் அந்தத் தேசத்தின் யுகாட்டான் தீபகற்பத்தில் ஒரு நாள் சுற்றினேன். ஒரே ஒரு நாள்தான். காலையில் மாயா மக்களின் பழைய நகரம், நடுப்பகலில் ஒரு கிராமம், மாலையில் காடும் நீரும். இன்று உங்களையும் உடன் அழைத்துப் போகிறேன். டிக்கெட் வேண்டாம், கொசுக்கடியும் கிடையாது. புறப்படலாமா?

"நாங்கள் எங்கும் போகவில்லை!"

வாயாதோலித் என்ற ஊரிலிருந்து காலையிலேயே கிளம்பினோம். வண்டி ஓட்டிய இளைஞரே எங்களுக்கு வழிகாட்டி. ஏறி உட்கார்ந்ததும் நான் கேட்ட முதல் கேள்வி, "மாயா மக்கள் எப்படி மறைந்து போனார்கள்?" என்பதுதான். படித்த புத்தகங்களில் அப்படித்தானே எழுதியிருந்தது!

அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துச் சிரித்தார். "மறைந்து போயிருந்தால் இந்த வண்டியை யார் ஓட்டுகிறார்கள் அம்மா? என் தாய், தகப்பன், பாட்டன் எல்லாரும் மாயாதான். நகரங்களைத்தான் விட்டுவிட்டோம். நாங்கள் எங்கும் போகவில்லை" என்றார். எனக்கு முகம் சுண்டிவிட்டது. அவர் சொன்னது உண்மை. 2020-ஆம் வருஷத்து மக்கள் தொகைக் கணக்கின்படி, யுகாட்டானின் மாயா மொழியைப் பேசுகிறவர்கள் மெக்ஸிகோவில் மட்டும் ஏழே முக்கால் லட்சம் பேர் இருக்கிறார்கள்.

சுமார் 60 கிலோமீட்டர் தூரம் போனதும் கோபா வந்தது. ஏரிகளைச் சுற்றி அமைந்த நகரம் அது. இன்று பெரும் பகுதியைக் காடு போர்த்திக்கொண்டிருக்கிறது. வாசலில் சைக்கிள் வாடகைக்குக் கிடைக்கிறது. நம் ஊர் ரிக்ஷாவைத் திருப்பி வைத்தாற்போல, பிரயாணியை முன்னால் உட்கார்த்தி மிதிக்கும் மூன்று சக்கர வண்டியும் உண்டு. நான் அதில் ஏறிக்கொண்டேன். மரங்களின் நிழலில் ஏறக்குறைய 2 கிலோமீட்டர் போனால், திடீரென்று வானத்தை மறைத்துக்கொண்டு நிற்கிறது, 'நோஹோச் முல்' என்ற கற்கோபுரம். பெயருக்குப் 'பெரிய மேடு' என்று அர்த்தம். உயரம் 42 மீட்டர், படிகள் சுமார் 120. நான் போன சமயத்தில் மேலே ஏற விடவில்லை. என் முழங்கால்கள் மானசீகமாக நன்றி சொல்லின!

ராணி போட்ட சாலை

என்னைக் கோபுரத்தைக் காட்டிலும் அதிகமாகக் கவர்ந்தது கீழே இருந்த சாலை. மாயா மொழியில் 'ஸக்பே' என்கிறார்கள். வெள்ளைச் சாலை என்று பொருள். கல்லை அடுக்கி மேடாக்கி, மேலே சுண்ணாம்பு பூசிய பாதை. கோபாவிலிருந்து இப்படிப் பல சாலைகள் நாலா பக்கமும் கிளம்புகின்றன. அவற்றில் மிக நீளமானது யாஷுனா என்ற ஊர் வரை சுமார் 100 கிலோமீட்டர் போகிறது. மாடு இல்லை, குதிரை இல்லை, வண்டிச் சக்கரம் இல்லை. அவ்வளவு கல்லையும் மனிதர்களே சுமந்து போட்டிருக்கிறார்கள்.

போட்டது யார்? 2020-இல் வெளியான ஓர் ஆராய்ச்சி, அது 'கவீல் அஹாவ்' என்ற ராணியின் காரியமாக இருக்கலாம் என்கிறது. ஏழாம் நூற்றாண்டில் கோபாவை ஆண்டவள் அவள். நம் காஞ்சியில் மாமல்லன் நரசிம்மவர்மன் ஆண்ட காலத்தை ஒட்டி, அங்கே ஒரு பெண் படை திரட்டி, சாலை போட்டு, ராஜ்யத்தை விஸ்தரித்துக்கொண்டிருந்தாள். கீற்றுக் கொட்டகையின் கீழே நிற்கும் கற்பலகைகளில் கோபாவின் அரசர்களைச் செதுக்கியிருக்கிறார்கள். காலடியில் கைதிகள் முடங்கிக் கிடக்கிறார்கள். மழையும் காற்றும் முகங்களைத் தேய்த்துவிட்டன. நின்ற தோரணை மட்டும் தேயவில்லை.

இதில் ஒரு வேடிக்கை கேளுங்கள். மாயா சிற்பங்களில் நீண்ட அங்கி அணிந்து நிற்கும் உருவங்களை ஆண் பூசாரிகள் என்றே அறிஞர்கள் நினைத்துவந்தார்கள். தாத்தியானா புரோஸ்கூரியாகோஃப் என்ற ஒரு பெண்மணி வந்துதான், அவர்கள் பெண்கள் என்று 1961-இல் எடுத்துக் காட்டினார். கல்வெட்டுகளில் இருப்பது வெறும் நாள் கணக்கு அல்ல, அரசர்கள் பிறந்து, பட்டமேறி, மறைந்த வரலாறு என்பதை அதற்கு முந்திய வருஷமே அவர் விளக்கியிருந்தார். பெண்ணைப் பெண் என்று கண்டுகொள்ள இன்னொரு பெண் வரவேண்டியிருந்தது!

எரிந்த ஏடுகள்

மரப்பட்டைக் காகிதத்தில் சுண்ணாம்பு பூசி, விசிறி மடிப்பாக மடித்து, மாயா மக்கள் எத்தனையோ ஏடுகள் எழுதிவைத்திருந்தார்கள். வான சாஸ்திரம், கணிதம், பஞ்சாங்கம் எல்லாம் அவற்றில் இருந்தன. பூஜ்யத்தை அவர்கள் தாமாகவே கண்டறிந்தவர்கள். 1562 ஜூலை 12 அன்று, மனி என்ற ஊரில், தியேகோ தெ லாந்தா என்ற ஸ்பானியப் பாதிரியார் கிடைத்த ஏடுகளை எல்லாம் தீயிலிட்டார். அவை சைத்தானின் வேலை என்பது அவர் முடிவு. இன்று உலகம் முழுவதும் தேடினால் எஞ்சியிருப்பவை நாலே நாலு ஏடுகள்.

அதைக் கேட்டபோது மனம் கனத்துப் போயிற்று. "எல்லாமே போய்விட்டதே" என்றேன். வழிகாட்டி இளைஞர், "வாருங்கள், பசி வேளை ஆயிற்று" என்று மட்டும் சொன்னார்.

மூன்று கல் அடுப்பு

கோபாவுக்கு அருகில் ஒரு சிறு கிராமம். முட்டை வடிவத்தில் வீடு. கம்புகளை நட்ட சுவர், பனையோலைக் கூரை. கட்டில் கிடையாது. சுவருக்குச் சுவர் கட்டிய வலைத் தூளிகள்தான் படுக்கை. எழுபது வயதைத் தாண்டிய ஓர் அம்மாள், பூ வேலை செய்த வெள்ளை அங்கியில், வாசலுக்கு வந்து வரவேற்றார். அந்த அங்கிக்கு 'உய்பில்' என்று பெயர். அதன் பூக்கள் நூலை எண்ணி எண்ணிப் போடும் தையல்.

சமையற்கட்டில் நுழைந்தவுடன் நான் அப்படியே நின்றுவிட்டேன். தரையில் மூன்று கல் அடுப்பு! பக்கத்தில் ஒரு கல். அம்மி மாதிரியே, ஆனால் மூன்று சிறு கால்களுடன். அதன்மேல் ஒரு குழவி. "எங்கள் வீட்டிலும் இது உண்டு" என்று கையால் அரைத்துக் காட்டினேன். அம்மாள் வாய்விட்டுச் சிரித்து, குழவியை என்னிடமே தந்துவிட்டார். பழக்கம் விட்டுப்போன என் கை இரண்டு நிமிஷத்தில் ஓய்ந்துவிட்டது.

அந்த மூன்று கல் அடுப்பு லேசுப்பட்டதல்ல. இந்த உலகம் கி.மு. 3114-இல் பிறந்தது என்பது மாயா கணக்கு. அன்று தேவர்கள் மூன்று கற்களை நிறுத்தி வைத்தார்கள் என்று, குவாத்தமாலாவில் கிரிகுவா என்ற இடத்தில் உள்ள கல்வெட்டு சொல்கிறது. சிருஷ்டியே ஓர் அடுப்பு மூட்டுவதுபோல் ஆரம்பித்ததென்றால், நம் பெண்களுக்குச் சந்தோஷமாக இராதா?

இனி சமையல். மக்காச்சோளத்தைச் சுண்ணாம்பு கலந்த நீரில் வேகவைத்து, இரவு முழுவதும் ஊறவைத்து, தோலைத் தேய்த்துக் கழுவி, மாவாக அரைக்கிறார்கள். இப்போது மாவு அரைப்பது ஊர் மில்லில்தான். அம்மாளின் கல் மசாலா அரைக்க மட்டும். ஒரு சிறு உருண்டையைப் பிளாஸ்டிக் தாளின்மேல் வைத்து, நாம் போளி தட்டுவதுபோல் விரலால் சுற்றிச் சுற்றித் தட்டி, தோசைக் கல் போன்ற ஒரு தகட்டில் போடுகிறார். அடை புஸ்ஸென்று உப்புகிறது. தொட்டுக்கொள்ள, வறுத்த பூசணி விதையும் சுட்ட தக்காளியும் மிளகாயும் சேர்த்து அரைத்த 'ஸிக்கில் பாக்'. நாக்கில் பட்டதும், "அட, இது நம் துவையல் அல்லவா!" என்று தோன்றிற்று. உண்மையில் நாம்தான் அவர்களுக்குக் கடன்பட்டவர்கள். மிளகாயும் தக்காளியும் பயிராகப் பண்பட்டது மெக்ஸிகோ பூமியில்தான். போர்த்துகீசியர் கப்பல் வந்த பிறகே நம் சாம்பாரில் மிளகாய் விழுந்தது.

சோளத்தில் ஏன் சுண்ணாம்பு போடவேண்டும்? அம்மாளைக் கேட்டேன். "என் தாயார் போட்டார்கள்" என்றார். அந்த ஒரு வாக்கியத்துக்குள் ஒரு பெரிய விஞ்ஞானம் ஒளிந்திருக்கிறது. சோளத்தில் உள்ள நியாசின் என்ற வைட்டமின், சுண்ணாம்பில் வெந்தால்தான் உடம்பில் சேரும். சோளத்தை மட்டும் கப்பலேற்றிக் கொண்டுபோன ஐரோப்பியர்கள் இந்தப் பக்குவத்தைக் கேட்டுக்கொண்டு போகவில்லை. அதன் பலன், ஸ்பெயினிலும் இத்தாலியிலும் சோளத்தையே உண்டு வாழ்ந்த ஏழைகளைப் பெல்லாக்ரா என்ற நோய் பிடித்தது. தோல் வெடித்து, சித்தம் கலங்கி, மாண்டு போனார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும் அதே கொடுமை. நியாசின்தான் மருந்து என்று தெரிந்தது 1937-இல்!

புத்தகங்களை எரித்தவர்கள் அடுப்பங்கரைக்குள் எட்டிப் பார்க்கவில்லை. அங்கேயும் ஒரு சாஸ்திரம் இருக்கும் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை. தாயிடமிருந்து பெண்ணுக்கு, பெண்ணிடமிருந்து பேத்திக்கு, ஓர் எழுத்தும் இல்லாமல் அது பிழைத்துவிட்டது. வழிகாட்டி ஏன் என்னை இங்கே அழைத்து வந்தார் என்பது அப்போதுதான் புரிந்தது.

கட்டை விரல் இல்லாத வித்தைக்காரன்

மாலையில் பூன்தா லகூனா என்ற இடத்துக்குப் போனோம். 2002-இல் பாதுகாக்கப்பட்ட பகுதியாக அறிவிக்கப்பட்ட காடு. மாயா கிராமத்தாரே இதைப் பராமரித்து, வருகிறவர்களுக்கு வழிகாட்டுகிறார்கள். சிலந்திக் குரங்குகள் இதன் செல்லப் பிள்ளைகள். அவற்றுக்குக் கையில் கட்டை விரல் கிடையாது. வாலே ஐந்தாவது கை! ஒரு தாய்க் குரங்கு, குட்டியை முதுகில் சுமந்துகொண்டு, வாலால் கிளையைப் பற்றி, அடுத்த மரத்துக்குத் தாவிற்று. குட்டி கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை.

கடைசியாக ஒரு 'செனோத்தே'யில் குளியல். யுகாட்டானின் வட பகுதியில் தரைக்கு மேலே நதியே கிடையாது. சுண்ணாம்புப் பாறை மழையை எல்லாம் குடித்துவிடுகிறது. பூமிக்கு அடியில் நீர் ஓடுகிறது. பாறைக் கூரை இடிந்த இடங்களில் கிணறுபோல் திறந்துகொண்ட சுனைகளே செனோத்தே. இறங்குவதற்கு முன்னால், "தலையில் எண்ணெய் இருந்தால் அலசிவிட்டு வாருங்கள்" என்று கண்டிப்பாகச் சொன்னார்கள். அந்த நீரைத்தானே ஊர் குடிக்கவேண்டும்? அதே 2023 டிசம்பரில் 'மாயா ரயில்' ஓட ஆரம்பித்தது. அதன் ஒரு பகுதிக்காக நிலத்தடிக் குகைகளுக்குள் இரும்புத் தூண்கள் இறக்கியதை எதிர்த்துப் பலர் குரல் எழுப்பினார்கள். பிழைப்பும் வேண்டும், நீரும் வேண்டும். எளிதில் தீரும் வழக்கல்ல அது.

பாட்டியும் பேத்தியும்

ஒரு விஷயத்தைக் கடைசியில் சொல்லலாம் என்று வைத்திருந்தேன். அந்த அம்மாளின் மகள் கடற்கரை ஓட்டல் ஒன்றில் வேலை செய்கிறாள். வாரத்துக்கு ஒரு முறைதான் வீட்டுக்கு வருவாள். பத்து வயதுப் பேத்தி பாட்டியிடம் வளர்கிறாள். நாங்கள் இருந்த நேரம் முழுவதும் பாட்டி அவளிடம் மாயா மொழியில் பேசினார். அவள் ஒவ்வொன்றுக்கும் ஸ்பானிய மொழியில் பதில் சொன்னாள். புரிகிறது, பேச வரவில்லை. பள்ளிக்கூடத்தில் மற்றப் பிள்ளைகள் சிரிப்பார்களாம்.

எனக்கு அடை தொண்டையில் நின்றுவிட்டது. என் வீட்டிலும் ஒரு பாட்டி இருக்கிறார். அவர் தமிழில் கேட்கிறார். என் பையன் ஆங்கிலத்தில் பதில் சொல்கிறான். நான் அதைப் பெருமையாக நினைத்துப் பல நாள் சிரித்திருக்கிறேன்.

விடைபெறும்போது அம்மாள் எனக்கு ஒரு வார்த்தை கற்றுக் கொடுத்தார். "பிஷ் ஆ பேல்?" சௌக்கியமா என்று விசாரிக்கிற வார்த்தை. நேர்ப் பொருள், "உன் சாலை எப்படி இருக்கிறது?" என்பது. நான் தப்பும் தவறுமாகச் சொன்னதைக் கேட்டு, அதுவரை மாயா மொழியில் வாயைத் திறக்காத பேத்தி களுக்கென்று சிரித்தாள். அப்புறம், அந்நியள் ஒருத்தி தன் பாட்டியின் பாஷையைக் குதறுவது பொறுக்காமலோ என்னவோ, தானே அதைத் திருத்தமாக, அழகாகச் சொல்லிக் காட்டினாள். பாட்டி அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

ஊர் திரும்பியதும் நான் செய்த முதல் காரியம், கொல்லையில் கிடந்த அம்மியைக் கழுவி உள்ளே கொண்டுவந்ததுதான். ஞாயிற்றுக்கிழமை துவையல் அதில்தான். அரைப்பது என் பையன். பக்கத்தில் உட்கார்ந்து பக்குவம் சொல்வது பாட்டி. ஒரே ஒரு நிபந்தனை: அந்த அரை மணி நேரமும் கேள்வியும் தமிழில், பதிலும் தமிழில்!