வாசல் கதவைத் தட்டி மாற்றிய சட்டம்!

அயர்லாந்து நாட்டின் தலைநகரம் டப்ளின். 2018-ம் ஆண்டு மே மாதம் அங்கே ஒரு சுவரில் ஓர் இந்தியப் பெண்ணின் படத்தை வரைந்திருந்தார்கள். வந்தவர்கள் துண்டுக் காகிதங்களில் எழுதி அங்கே ஒட்டினார்கள். அந்தப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்டு எழுதியவர்கள் பலர்.

யார் அந்தப் பெண்?

அவர் பெயர் சவீதா ஹலப்பனவர். கர்நாடகத்தில் உள்ள பெல்காமைச் சேர்ந்தவர். பல் டாக்டர். கணவருடன் அயர்லாந்தில் கால்வே நகரில் வசித்தார்.

2012 அக்டோபரில் அவருக்கு வயது 31. வயிற்றில் 17 வாரக் கரு. வலியோடு ஆஸ்பத்திரிக்குப் போனார். குழந்தை பிழைக்காது என்று தெரிந்தது. கருவைக் கலைத்துவிடும்படி கேட்டார்.

டாக்டர்கள் மறுத்தார்கள். கருவின் இதயம் துடித்துக்கொண்டு இருந்தது. அதனால் சட்டம் இடம் கொடுக்கவில்லை.

சவீதாவின் ரத்தத்தில் நோய்க்கிருமிகள் பரவின. அக்டோபர் 28-ந் தேதி அவர் இறந்தார். சிகிச்சையிலும் குறைகள் இருந்தன என்று பிறகு நடந்த விசாரணை கூறியது.

அது என்ன சட்டம்?

"தாயின் உயிரும், வயிற்றில் உள்ள கருவின் உயிரும் சமம்" என்ற விதி 1983-ல் அரசியல் சட்டத்தில் சேர்க்கப்பட்டது. மக்கள் ஓட்டுப் போட்டுச் சேர்த்த விதி அது. மக்கள் ஓட்டுப் போட்டால்தான் அதை நீக்க முடியும்.

கருவைக் கலைக்க ஆயிரக்கணக்கான பெண்கள் கடல் கடந்து இங்கிலாந்துக்குப் போனார்கள். பலர் அதை வெளியே சொல்லவில்லை.

வீடு வீடாக...

சவீதாவின் மரணம் நாட்டை உலுக்கியது. மக்கள் தெருவுக்கு வந்தார்கள். விதியை நீக்கும்படி கேட்டு, தொண்டர்கள் வீடு வீடாகச் சென்றார்கள். பல பெண்கள் தங்களுக்கு நேர்ந்ததை முதல் தடவையாக வாய் திறந்து சொன்னார்கள்.

எதிர்த்தவர்களும் சும்மா இருக்கவில்லை. "வயிற்றில் உள்ளதும் உயிர்தானே!" என்று அவர்களும் ஊர் ஊராகப் பிரசாரம் செய்தார்கள்.

சவீதாவின் தந்தை பெல்காமில் இருந்து வேண்டுகோள் விடுத்தார். விதியை நீக்க ஓட்டுப் போடுங்கள் என்றார். வெளிநாடுகளில் இருந்த அயர்லாந்துக்காரர்கள் பலர், ஓட்டுப் போடுவதற்காகவே விமானத்திலும் கப்பலிலும் ஊர் திரும்பினார்கள்.

2018 மே 25-ந் தேதி ஓட்டுப்பதிவு நடந்தது. விதியை நீக்கச் சொன்னவர்கள் 100-க்கு 66 பேர். 1983-ல் அதைச் சேர்க்கச் சொன்னவர்கள் 100-க்கு 67 பேர்! 35 ஆண்டுகளில் எல்லாம் தலைகீழாக மாறிவிட்டது.

2019 ஜனவரி 1 முதல் புதிய சட்டம் நடைமுறைக்கு வந்தது. 12 வாரம் வரை, ஒரு பெண் தானே முடிவு செய்து டாக்டரிடம் போகலாம். தாயின் உயிருக்கோ உடல்நலத்துக்கோ பெரும் ஆபத்து என்றால், அதற்குப் பிறகும் சட்டம் இடம் கொடுக்கிறது.

2012-ல் சவீதா கேட்டதும் அதைத்தான்.