ஓவனுக்குள் போகும் முள்ளம்பன்றி முள்ளோடு திரும்புமா?

பிள்ளைகளுக்காக மாவில் அழகாக ஒரு முயல் செய்து ஓவனில் வைக்கிறீர்கள். வெளியே வருவதோ காதில்லாத உருண்டை! பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்த கதைதான். ஆனால், குற்றம் உங்கள் கையில் இல்லை. மாவுக்குள் இருக்கும் ஓர் உயிர் தன் வேலையைச் செய்திருக்கிறது.

அந்த உயிர்தான் ஈஸ்ட் எனும் ஒருசெல் பூஞ்சை. அது மாவிலுள்ள சர்க்கரையைச் சிதைத்துக் கரிவளியையும் எத்தனாலையும் வெளியிடுகிறது. கோதுமை மாவைப் பிசையும்போது உருவாகும் குளூட்டன் என்ற புரத வலை, அந்த வளியைக் குமிழ்களாகப் பிடித்து வைக்கிறது. உள்ளிருந்து அழுத்தம் எல்லாத் திசையிலும் தள்ளுவதால் கூர்மையான பகுதிகள் மழுங்குகின்றன. மெல்லிய காதும் சிறு கோடும் முதலில் மறைகின்றன.

எனவே, நுண்ணிய வேலைப்பாட்டை மாவு உப்பிய பிறகே செய்ய வேண்டும். அதற்கு ஏற்ற விலங்கு முள்ளம்பன்றி.

8 பன்களுக்கு ரொட்டி மாவு 300 கிராம், சீனி 40 கிராம், இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 5 கிராம், உப்பு 4 கிராம், வெதுவெதுப்பான பால் 190 மில்லிலிட்டர், வெண்ணெய் 30 கிராம் தேவை. பால் கொதிக்கக்கூடாது, 60 பாகை செல்சியஸை நெருங்கினால் ஈஸ்ட் மடிந்துவிடும். 10 நிமிடம் நன்றாகப் பிசைந்து மூடி வையுங்கள். நம் ஊர் வெப்பத்தில் ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் மாவு இரு மடங்காகும்.

உள்ளே வைக்க, கறிபாப்புக்குச் செய்வதுபோல் காரம் குறைத்த உருளைக்கிழங்குக் கறி போதும். நீர் வற்ற வதக்கி, முழுமையாக ஆறவிடுங்கள். 1 கிராம் நீர் ஆவியானால் ஏறத்தாழ 1.7 லிட்டர் இடத்தை அடைக்கும். ஈரமான கறி பன்னைப் பிளந்துகொண்டு வருவது இதனால்தான்.

மாவை 8 பங்காக்கி, ஒவ்வொன்றிலும் ஒரு மேசைக்கரண்டி கறி வைத்து ஓரங்களை அழுத்தி மூடுங்கள். ஓரத்தில் எண்ணெய் பட்டால் ஒட்டாது. மூடிய பக்கம் கீழே இருக்க, ஒரு முனையை மூக்குபோல் கூராக்கி 30 நிமிடம் விடுங்கள். பிறகு, அடித்த முட்டையை மேலே தடவி, கத்தரிக்கோலைச் சாய்த்துப் பிடித்து முட்களை வெட்டுங்கள். வெட்டு கறிவரை இறங்கக்கூடாது. கண்ணுக்குக் கறுப்பு எள் வையுங்கள். முழு மிளகு வேண்டாம், சிறு பிள்ளைகளின் தொண்டையில் சிக்கலாம். 180 பாகையில் 15 முதல் 18 நிமிடம் சுடுங்கள். மெல்லிய முள் நுனிகள் விரைவில் உலர்ந்து இறுகுவதால் வடிவம் நிலைக்கிறது.

இனிக் கவனமாக இருங்கள். பச்சை மாவில் நோய்க் கிருமிகள் இருக்கலாம். பிள்ளைகளைச் சுவைக்க விடாதீர்கள். பன்னின் மேல்பகுதி சீக்கிரம் ஆறிவிடும். நீர்ச்சத்துள்ள கறியோ வெப்பத்தை அதிகம் தேக்கி வைக்கும். காற்றுக் குமிழ்கள் நிறைந்த ரொட்டி அதைப் போர்வைபோல் காக்கும். கைக்கு ஆறியது நாக்கைச் சுட்டுவிடும். 20 நிமிடம் காத்திருந்து, பன்னை இரண்டாகப் பிட்டுப் பார்த்த பின்னரே கொடுங்கள்.

ஒரு சிறு சோதனையும் செய்யலாம். 2 பன்களுக்கு மட்டும், வடிவம் கொடுத்ததுமே முள் வெட்டிவிடுங்கள். மற்ற 6 பன்களுக்கு, உப்பிய பிறகு வெட்டுங்கள். எந்த முள்ளம்பன்றிக்கு முள் மிஞ்சியது, ஏன் என்று பிள்ளைகளிடமே கேளுங்கள்.