தரங்கம்பாடிக்குப் போன ரயில்

ரகுநாத நாயக்கரிடம் அனுமதி பெற்று 1620ஆம் ஆண்டிலே டேனிஷ்காரர்கள் கோட்டை எழுப்பியதும், ஜெர்மானியப் பாதிரியாரான சீகன்பால்கு 1706இல் வந்திறங்கிப் பின்னர் அச்சுக்கூடம் வைத்துப் புதிய ஏற்பாட்டைத் தமிழிலே அச்சிட்டதும் ஆகிய கீர்த்திகளையெல்லாம் உடைய தரங்கம்பாடிக்கு, ரயில் வண்டி வந்து சேர்ந்தது 1926ஆம் ஆண்டில்தான். அறுபது வருஷம் ஓடிய அந்த வண்டி 1986இல் நின்று போயிற்று. கோட்டையைப் பற்றி எழுதுவோர் பலர். ஸ்டேஷனைப் பற்றி எழுதுவோர் அரிது. ஆயினும் அவ்வூரின் வாழ்வையும் தாழ்வையும் நிர்ணயித்ததில் பீரங்கியைக் காட்டிலும் ரயிலுக்கே பங்கு அதிகம் என்பது என் அபிப்பிராயம்.

1845இல் டென்மார்க் அரசாங்கம் தரங்கம்பாடியையும் வங்காளத்துச் சேராம்பூரையும் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலக் கம்பெனிக்கு விற்றுவிட்ட பிறகும், தஞ்சை ஜில்லாவின் தலைமைக் கச்சேரி சில காலம் அங்கேயே நடந்து வந்தபடியால், ஊரின் அந்தஸ்து உடனே குலைந்துவிடவில்லை. அதனைக் குலைத்தது, 1861இல் நாகப்பட்டினத்திலிருந்து தஞ்சாவூருக்குப் போடப்பட்ட இருப்புப்பாதை. உள்நாட்டுச் சரக்கு ரயிலேறி நேரே ஒரு துறைமுகத்தை அடையக்கூடும் என்று ஏற்பட்ட பின்னர், மாட்டு வண்டியிலே மூட்டையை ஏற்றிக்கொண்டு மற்றொரு துறைமுகத்தை நாடிப் போவதற்கு எந்த வியாபாரி சம்மதிப்பான்? கப்பல்கள் நாகப்பட்டினத்துக்குத் திரும்பின. தரங்கம்பாடியிலே அலை மட்டும் மிஞ்சிற்று.

ஆக, 1926இல் தென்னிந்திய ரயில்வே கம்பெனியார், இப்போது மயிலாடுதுறை என்று வழங்கும் மாயவரத்திலிருந்து சுமார் 30 கிலோமீட்டர் தூரத்துக்கு மீட்டர் கேஜ் பாதை போட்டுக் கடற்கரை வரையில் வண்டி விட்டபோது, அந்த வண்டி ஏற்றிச் செல்லத் துறைமுகச் சரக்கு என்று ஒன்று இல்லை. செம்பனார்கோயில், ஆக்கூர், திருக்கடையூர், பொறையாறு என்று வயல்களுக்கு நடுவே நின்று நின்று போன அதற்கு ஜீவனம் அளித்தவர்கள், மாயவரத்துக் கச்சேரிக்கும் கடைத்தெருவுக்கும் போய் வந்த கிராமத்து ஜனங்களும், திருக்கடையூர் அபிராமி சந்நிதியிலே சஷ்டியப்தபூர்த்தி செய்துகொள்வதற்காகப் பிள்ளை குட்டிகளோடும் பட்சணக் கூடைகளோடும் வந்திறங்கிய வயோதிகத் தம்பதிகளுந்தாம்.

இத்தகைய கிளைப்பாதை ஸ்டேஷன்களிலே அக்காலத்தில் டிக்கெட் வாங்குவதே ஒரு காரியம். மர அடுக்கிலிருந்து தடித்த அட்டைத் துண்டு ஒன்றை உருவி, இரும்பு யந்திரத்தின் இடுக்கிலே செருகி 'டக்'கென்று தேதியைக் குத்தி, கம்பி ஜன்னலின் கீழ் உள்ள பள்ளத்திலே சில்லறையோடு சேர்த்துத் தள்ளிவிடுவார், டிக்கெட் கொடுக்கும் பொறுப்பையும் கொடி காட்டும் பொறுப்பையும் ஒருங்கே சுமந்த ஸ்டேஷன் மாஸ்டர்.

ரயிலுக்கு இணையாகவே மாயவரத்திலிருந்து சாலையும் போகிறது. 1972இல் சோழன் போக்குவரத்துக் கழகம் ஏற்பட்டு, வீட்டு வாசலுக்குப் பக்கத்திலேயே பஸ் வந்து நிற்கலாயிற்று. நாளுக்குச் சில வேளைகளில் மட்டும் வரும் வண்டிக்காக வரப்போரமாய் ஸ்டேஷனுக்கு நடப்பானேன் என்று ஜனங்கள் நினைத்ததில் தவறில்லை. ஆனால் நஷ்டக் கணக்குப் போட்ட முறையில் எனக்குச் சம்மதமில்லை. பொறையாற்றிலே ஏறிச் சென்னைக்குப் போகிற ஒருவன் கொடுக்கும் கட்டணத்தில், மாயவரம் வரையிலான சொற்பத் தொகை மட்டுமே கிளைப்பாதையின் வரவாகக் கொள்ளப்படும்; எஞ்சியதெல்லாம் பிரதான பாதையின் வரவு. கிளை கொண்டுவந்து சேர்த்த பிரயாணியை மரத்தின் பேரில் எழுதிவிட்டு, கிளை காய்க்கவில்லை என்று வெட்டுவது என்ன நியாயமோ!

இதே டெல்டாவில் 1976இல் மூடப்பட்ட மன்னார்குடிக் கிளை, 2011இல் அகலப் பாதையாகத் திரும்பி வந்தது. திருத்துறைப்பூண்டியிலிருந்து உப்பளங்கள் சூழ்ந்த அகஸ்தியம்பள்ளிக்கு 2023இல் மீண்டும் வண்டி ஓடத் தொடங்கிற்று. தரங்கம்பாடிப் பாதையிலோ தண்டவாளத்தைப் பெயர்த்தெடுத்துப் போனதோடு சரி. மறுபடியும் போடவேண்டுமென்று ஊரார் கேட்டுக்கொண்டேயிருக்கிறார்கள். திருக்கடையூருக்கு அறுபதாம் கல்யாணத்துக்கு வருகிற கூட்டம் சற்றும் குறையவில்லை. ரயிலில் வருகிறவர்கள் மயிலாடுதுறை ஜங்ஷனில் இறங்கி, வெளியே வந்து, காருக்கு வாடகை பேசுகிறார்கள்.